மடோனாவின் பிள்ளைகள்

மத்தியதரைக்கடல் பெயர்கள் – 6

சென்ற வாரம் பார்த்த கிரேக்கப் பெயரான பாப்படோபூலோஸ், 'பாதிரியாரின் மகன்' என்று தகப்பனைச் சொல்லும் பெயர். இந்த வாரப் பெயர் தகப்பன் யாரென்று தெரியாத பிள்ளைகளுக்கு வைக்கப்பட்டது. தென் இத்தாலியின் நேப்பிள்ஸ் நகரில் மிக அதிகமானோர் தாங்கியிருக்கும் குடும்பப் பெயரும் அதுதான்: எஸ்போசிட்டோ.

'வெளியே வைக்கப்பட்டவர்' என்ற பொருளுள்ள லத்தீன் சொல்லிலிருந்து வந்தது இது. எங்கே வைக்கப்பட்டவர்? நேப்பிள்ஸின் அனுன்சியாட்டா இல்லத்து வாசலில். 14ஆம் நூற்றாண்டில் தோன்றிய அந்த இல்லத்தின் சுவரில் ஒரு திறப்பு உண்டு. அதற்குள் மரத்தாலான உருளை. இரவில் வருகிறவர் குழந்தையை அதில் கிடத்திச் சுழற்றிவிட்டுப் போய்விடலாம். உள்ளே காவலிருக்கும் பெண்ணுக்கு வெளியே நிற்பவரின் முகம் தெரியாது. அவள் குழந்தையை எடுத்துக் குளிப்பாட்டுவாள். வந்த நாள், நேரம், உடுத்தியிருந்த துணி, கூட இருந்த பொருள் எல்லாம் பதிவேட்டில் ஏறும். பெயரும் ஏறும்: ஞானஸ்நானப் பெயரும், அதன் பின்னால் எஸ்போசிட்டோவும்.

வறுமை, திருமணத்துக்கு முன் பிறந்த குழந்தை என்ற அவமானம், தாயின் மரணம் எனக் காரணங்கள் பல. திரும்பி வருவோம் என்று நம்பிய தாய்மார்கள் பாதியாக வெட்டிய நாணயத்தையோ கிழித்த புனிதர் படத்தையோ துணியில் முடிந்து வைத்தார்கள்; மறுபாதி அவர்களிடம் இருக்கும். அதைக் காட்டிப் பிள்ளையைக் கேட்கலாம். ஆனால் பால் கொடுக்கும் தாதிகள் போதாமலும், நெரிசலில் பரவிய நோய்களாலும் ஏராளமான குழந்தைகள் ஒரு வயதைக்கூட எட்டவில்லை.

மற்ற நகரங்களிலும் இதே கதைதான், பெயர்தான் வேறு. ஃபுளோரன்சில் 1445ல் திறந்த இல்லத்தின் பெயரால் இன்னொசென்டி. மிலானில் பெரிய மருத்துவமனையின் சின்னம் புறா என்பதால் கொலம்போ. ரோம் பக்கம் புரொயெட்டி. ஸ்பெயினில் எக்ஸ்போசித்தோ, அங்கே 1794ல் நான்காம் கார்லோஸ் மன்னர், இத்தகைய பிள்ளைகளை முறையாகப் பிறந்தவர்களாகவே கருத வேண்டும், இழித்துப் பேசுவோர் தண்டிக்கப்படுவார்கள் என்று ஆணையிட்டார்.

நேப்பிள்ஸில் அந்த மாற்றத்தைத் தொடங்கியவர் 1808 முதல் 1815 வரை மன்னராக இருந்த பிரெஞ்சுக்காரர் முரா. அவர் காலத்தில்தான் வரும் குழந்தைகளுக்கெல்லாம் எஸ்போசிட்டோ என்று எழுதும் வழக்கம் தடுக்கப்பட்டது. சரியான முடிவு என்றே சொல்வேன். கைவிட்டவர்கள் பெரியவர்கள், அந்த அடையாளத்தை ஆயுள் முழுக்கச் சுமந்தது பிள்ளை. இதைவிட அநியாயமான பெயர் சூட்டல் வேறு இருக்க முடியாது.

ஆனால் ஊர்மக்கள் அதிகாரிகளைவிட நல்ல மனதோடு நடந்துகொண்டார்கள். அனுன்சியாட்டா பிள்ளைகளை 'மடோனாவின் பிள்ளைகள்', அதாவது மாதாவின் பிள்ளைகள், என்றார்கள். அந்தப் பிள்ளைகளும் பெயரைத் தூக்கி எறியாமல் பேரன்களுக்கும் கொடுத்தார்கள். 1889ல் மார்கரீட்டா பீட்சாவைச் செய்தவர் என்று ஊர் கொண்டாடும் ரஃபாயேலே ஓர் எஸ்போசிட்டோதான். 'பிரேக்கிங் பேட்' தொடரில் கஸ் ஃபிரிங்காக நடித்த ஜியான்கார்லோ எஸ்போசிட்டோவின் தந்தையும் நேப்பிள்ஸ்காரர்.

பொதுவாக ஒரே குடும்பப் பெயர் என்றால் எங்கோ ஒரு மூதாதை இருப்பார். எஸ்போசிட்டோக்களிடம் அது செல்லாது. இந்தப் பெயரின் வேர்கள் ஆயிரக்கணக்கானவை. ஒவ்வொன்றும் ஒரு தனிக் குழந்தை. பக்கத்து வீட்டு எஸ்போசிட்டோவுக்கும் எதிர்வீட்டு எஸ்போசிட்டோவுக்கும் ரத்த உறவு இருக்க வேண்டியதில்லை. அவர்களைச் சேர்ப்பது ஒரு வாசல் மட்டுமே.

அந்த வாசலின் சுழல் உருளை 1875ல் மூடப்பட்டது. ஆனால் அது இன்னும் அங்கேதான் இருக்கிறது. நேப்பிள்ஸ் போகும் வாசகர்கள் பீட்சாக் கடைகளோடு நின்றுவிடாமல் அனுன்சியாட்டாவுக்கும் போய் அதைப் பார்த்துவிட்டு வாருங்கள்.

(தொடரும்)