பினாங்கில் குடியிருப்போர் பத்திரப்படுத்த வேண்டியவை

ஓர் ஊரில் நாற்பது ஆண்டுகள் வாழ்ந்தவரை அக்கம் பக்கத்தார் அந்த ஊர்க்காரர் என்று சொல்லிவிடுவர். சட்டம் அவ்வளவு எளிதில் சொல்லிவிடாது. எங்கே பிறந்தீர்கள், எப்போது முதல் இங்கே இருக்கிறீர்கள், அதற்கு எதைக் காட்டுவீர்கள் என்று மூன்று கேள்விகளைக் கேட்கும். பால்மரக் காட்டில் ஆயுள் முழுவதும் உழைத்தும், மூன்றாவது கேள்விக்கு விடை கூற முடியாமல் நிற்கும் குடும்பங்கள் நம்மிடையே இன்னும் உள்ளன. அந்தக் கேள்விக்கு நாம் எப்படி ஆயத்தமாக இருக்க வேண்டும் என்பதே இன்றைய பேச்சின் பொருள்.

முதலில் பழைய கதையைச் சிறிது பார்ப்போம். 1926ஆம் ஆண்டில் கட்டப்பட்ட ரஜூலா கப்பல் சென்னையிலும் நாகப்பட்டினத்திலும் ஆட்களை ஏற்றிக்கொண்டு பினாங்குத் துறைமுகத்திற்கு வரும். 1973 வரை அதன் ஓட்டம் நடந்தது. அந்நாளில் நோய்த் தடுப்புக்காகப் பயணிகளை ஜெரெஜாக் தீவில் நிறுத்தி வைப்பார்கள். பிறகு அவர்கள் செபராங் பிறை, கெடா, பேராக் தோட்டங்களுக்குப் போய்ச் சேர்வார்கள். கப்பல் புத்தகத்திலும் தோட்டத்துச் செக்ரோலிலும் அவர்கள் பெயர் ஏறியது. ஆனால் அந்தப் பதிவுகள் எவரையும் இந்நாட்டுப் பிரஜை ஆக்கிவிடவில்லை.

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. பினாங்குத் தீவும், அதற்கு எதிர்க்கரையிலுள்ள செபராங் பிறையும் அந்நாளில் ஆங்கிலேயரின் நேரடி ஆட்சியில் இருந்த நிலங்கள். அங்கே பிறந்த குழந்தை பிறந்த இடத்தாலேயே பிரிட்டிஷ் பிரஜை. எல்லையைத் தாண்டிக் கெடாவில் பிறந்த குழந்தைக்குப் பிறந்த இடம் அந்தத் தகுதியைத் தரவில்லை. அதே வேலை, அதே லயம், அதே கூலி. எல்லைக் கோடு மட்டும் நடுவே இருந்தது. 1948இல் ஏற்பட்ட மலாயாக் கூட்டரசு ஒப்பந்தத்தில், பினாங்கிலோ மலாக்காவிலோ பிறந்து, கூட்டரசில் தொடர்ந்து 15 ஆண்டுகள் நிலையாகக் குடியிருந்த பிரிட்டிஷ் பிரஜை தாமாகவே கூட்டரசுப் பிரஜை ஆனார். பிறந்த இடமும் குடியிருந்த காலமும் சேர்ந்தே தகுதியைத் தீர்மானித்தன என்பதைக் கவனியுங்கள். அதே 1948இல்தான், அவசரகாலத்தின்போது, அடையாளக் கார்டும் வந்தது.

1957 ஆகஸ்ட் 31ஆம் நாள் நாடு சுதந்திரம் பெற்றது. அரசியலமைப்புச் சட்டத்தின் 16ஆவது பிரிவு, சுதந்திரத்திற்கு முன் இம்மண்ணில் பிறந்தவர்கள் பிரஜையாகப் பதிவு செய்துகொள்ள வழி வகுத்தது. 18 வயது நிரம்பியிருக்க வேண்டும். முந்திய ஏழு ஆண்டுகளில் மொத்தம் ஐந்து ஆண்டுகளாவது நாட்டில் குடியிருந்திருக்க வேண்டும். மலாய்மொழி ஓரளவு தெரிந்திருக்க வேண்டும். முதல் ஓராண்டிற்குள் விண்ணப்பித்தவர்களுக்கு அந்த மொழி நிபந்தனையும் இல்லை. பலர் விண்ணப்பித்தார்கள், பலர் விண்ணப்பிக்கவில்லை. சிலர் ஊருக்குத் திரும்பிவிடுவோம் என்று இருந்தார்கள். சிலரிடம் பிறப்புப் பத்திரம் இல்லை. சிலருக்கு எடுத்துச் சொல்ல ஆளில்லை.

அந்தச் சுணக்கத்தின் விலை பத்தே ஆண்டுகளில் தெரிந்தது. 1968இல் இயற்றப்பட்ட வேலைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின்படி, பிரஜை அல்லாதவர் வேலை செய்ய பெர்மிட் எடுக்க வேண்டியதாயிற்று. சிவப்பு அடையாளக் கார்டு வைத்திருந்த தோட்டத் தொழிலாளர்கள் திடீரென்று பெர்மிட்டுக்கு அலைந்தார்கள். 1969ஐ ஒட்டிய ஆண்டுகளில் ஏராளமானோர் மூட்டை முடிச்சுகளுடன் கப்பலேறினார்கள். இங்கேயே பிறந்து, தமிழ்நாட்டைக் கண்ணால் பார்த்திராத பிள்ளைகளும் அவர்களுடன் போனார்கள். உழைப்பில் அவர்கள் யாருக்கும் குறைந்தவர்கள் அல்லர். குறைந்தது ஒரு பத்திரம்.

இன்றைக்கு வருவோம். நாம் கவனிக்க வேண்டியவை மூன்று: பிறப்பு, திருமணம், விலாசம்.

முதலாவது, பிறப்பு. தீபகற்ப மலேசியாவில் குழந்தை பிறந்த 60 நாட்களுக்குள் தேசியப் பதிவு இலாகாவில் பதிவு செய்ய வேண்டும். தாமதமானாலும் பதிவு செய்யலாம். ஆனால் சாட்சியங்கள் கேட்பார்கள். மருத்துவமனைக் குறிப்பு, தாய்சேய் நலக் கிளினிக்கின் கார்டு, பள்ளிக்கூடப் பதிவேடு ஆகியவை அப்போது துணை நிற்கும். வீட்டிலேயே பிரசவம் நடந்திருந்தால், உடனிருந்தவரின் வாக்குமூலமும் பயன்படும். உடனிருந்தவருக்கு வயதாகிக்கொண்டே போகிறது என்பதை மறந்துவிடாதீர்கள். அவர் இருக்கும்போதே காரியத்தை முடியுங்கள். பிறப்புப் பத்திரம் கைக்கு வந்ததும், அதில் பிரஜாவுரிமை நிலை என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள். பிரஜை அல்லாதவர் என்று இருந்தால், அன்றே இலாகாவில் விளக்கம் கேளுங்கள். பிள்ளைக்கு 12 வயது நிரம்பி அடையாளக் கார்டு எடுக்கப் போகும்போது முதன்முறையாக இதைக் கண்டு திகைக்கும் பெற்றோர் உண்டு.

இரண்டாவது, திருமணம். கோயிலில் தாலி கட்டியாயிற்று, ஊரார் சாப்பிட்டாயிற்று, இனி பதிவு எதற்கு என்று சிலர் கேட்கிறார்கள். 1976ஆம் ஆண்டின் திருமண, மணவிலக்குச் சட்டம் 1982 மார்ச் 1ஆம் நாள் அமலுக்கு வந்தது. அதற்கு முன் வழக்கப்படி நடந்த திருமணங்களைச் சட்டம் ஏற்றுக்கொள்கிறது. அந்த நாளுக்குப் பின் நடந்த திருமணம் பதிவு செய்யப்படாவிட்டால், சட்டத்தின் பார்வையில் அது திருமணமே அன்று.

இதனால் பிள்ளைக்கு என்ன கெடுதல்? அரசியலமைப்பின்படி, பதிவுத் திருமணத்திற்கு வெளியே பிறந்த குழந்தைக்குத் தாயின் நிலையே கணக்கு. ஓர் உதாரணம் சொல்கிறேன். தகப்பன் நீலக் கார்டு வைத்திருக்கும் மலேசியப் பிரஜை. தாய் வேறு நாட்டவர். கோயிலில் மணம் முடித்தார்கள், பதிவு செய்யவில்லை. இங்கேயே, பினாங்கு மருத்துவமனையிலேயே குழந்தை பிறந்தாலும், தகப்பனின் பிரஜாவுரிமை அதற்குத் தானாகச் சேர்வதில்லை. பிறகு பதிவு செய்துகொள்ளலாமே என்றால், குழந்தை பிறந்த நேரத்தில் இருந்த நிலையைத்தான் பார்க்கிறார்கள். வெளிநாட்டில் பிறந்த ஒரு குழந்தையின் வழக்கில், 2021 மே மாதம், கூட்டரசு நீதிமன்றமும் நால்வருக்கு மூவர் என்ற பெரும்பான்மையில் அவ்வாறே தீர்ப்பளித்தது. ஆகவே முதலில் பதிவு, பிறகு குழந்தை. பல கோயில்களிலேயே துணைப் பதிவாளர்கள் இருக்கிறார்கள். முகூர்த்தத்திற்கு நாள் குறிக்கும்போதே அவரிடமும் பேசிவிடுங்கள்.

மூன்றாவது, விலாசம். 1972இல் பாயான் லெப்பாஸில் தடையற்ற வாணிப வட்டாரம் திறந்தபின், கெடாவிலிருந்தும் பேராக்கிலிருந்தும் தோட்டத்துப் பிள்ளைகள் பினாங்கிற்கு வேலை தேடி வந்தார்கள். தோட்டங்கள் துண்டாடப்பட்டும் வீடமைப்பு நிலமாகியும் மறைந்தபோது, குடும்பங்களும் இடம் பெயர்ந்தன. நிலையாக வீடு மாறினால், 30 நாட்களுக்குள் பதிவு இலாகாவில் புது விலாசத்தைத் தெரிவிக்க வேண்டும். அடையாளக் கார்டு எண்ணின் நடுவில் உள்ள இரண்டு இலக்கங்கள் மாறவில்லையே என்று கவலைப்பட வேண்டாம். அவை பொதுவாகப் பிறந்த மாநிலத்தைக் குறிப்பவை: கெடாவிற்கு 02, பினாங்கிற்கு 07. குடி மாறினாலும் அவை மாறா.

விலாசம் மாற்றாததால் வரும் நட்டம் கண்ணுக்கு உடனே தெரியாது. 2021 டிசம்பர் முதல் 18 வயது நிறைந்த பிரஜைகள் தாமாகவே வாக்காளர்களாகச் சேர்க்கப்படுகிறார்கள். எந்தத் தொகுதி என்பதை அடையாளக் கார்டு விலாசமே முடிவு செய்கிறது. பினாங்கில் பத்தாண்டு வாழ்பவரின் வாக்கு, மூடிப்போன கெடாத் தோட்டத்தின் பெயரிலேயே கிடக்கலாம். ஏற்கெனவே வாக்காளராக இருப்பவர்கள் விலாசம் மாற்றியபின் தேர்தல் ஆணையத்திடமும் தொகுதி மாற்றத்திற்கு விண்ணப்பிக்க வேண்டும். மாநில அரசின் உதவித் திட்டங்கள் சிலவற்றுக்குப் பினாங்கு வாக்காளராக இருப்பது ஒரு நிபந்தனை என்பதையும் நினைவில் வையுங்கள்.

இனி, சிவப்புக் கார்டு வைத்திருக்கும் பெரியவர்களுக்கு ஒரு வார்த்தை. சிவப்புக் கார்டு என்பது நிரந்தரக் குடியிருப்பு, பிரஜாவுரிமை அன்று. அதை வைத்துக்கொண்டு வாக்களிக்க முடியாது. அரசியலமைப்பின் 19ஆவது பிரிவின்படி விண்ணப்பிக்க, முந்திய 12 ஆண்டுகளில் மொத்தம் 10 ஆண்டுகளும், அதில் கடைசி 12 மாதங்களும் நாட்டில் இருந்திருக்க வேண்டும். மலாய்மொழி போதிய அளவு தெரிந்திருக்க வேண்டும். 2018இல், அறுபது வயதைக் கடந்து நெடுங்காலம் சிவப்புக் கார்டுடன் வாழ்ந்த இந்தியர்களுக்குப் பிரஜாவுரிமை வழங்கும் முடிவை அரசாங்கம் அறிவித்தது. அத்தகைய வாய்ப்பு வரும்போது, பத்திரம் ஆயத்தமாக உள்ளவரே முதலில் பயனடைவார்.

பேரப்பிள்ளைகளைப் பற்றியும் யோசிக்க வேண்டும். 2024இல் நாடாளுமன்றம் ஒரு திருத்தத்தை நிறைவேற்றியது. அது அமலுக்கு வரும் நாளிலிருந்து, தாய் தகப்பன் இருவரும் சிவப்புக் கார்டுக்காரர்களாக இருந்தால், இங்கே பிறக்கும் குழந்தை பிறப்பாலேயே பிரஜை ஆகாது. அதற்கு முன் பிறந்த பிள்ளைகளை இது பாதிக்காது. நாம் இப்படியே இருந்துவிட்டுப் போகிறோம் என்று எண்ணும் இளம் தம்பதிகள் இதைக் காதில் போட்டுக்கொள்ள வேண்டும்.

கடைசியாக, வீட்டில் ஒரு தகரப் பெட்டியோ பிளாஸ்டிக் உறையோ இதற்கென்று வையுங்கள். தாத்தா பாட்டியின் பழைய அடையாளக் கார்டு, கப்பல் பயணப் பத்திரம், பிறப்பு, இறப்பு, திருமணப் பத்திரங்கள், பள்ளிச் சான்றிதழ், தோட்டத்துச் சம்பளச் சீட்டு யாவும் அதில் இருக்கட்டும். 1951இல் தொடங்கிய ஊழியர் சேமநிதியின் கணக்கு அறிக்கையும், ஒருவர் எத்தனை ஆண்டு இங்கே உழைத்தார் என்பதற்கு நல்ல சாட்சி. தோட்டம் விற்கப்படப் போகிறது என்று கேள்விப்பட்டால், ஆபீஸ் பூட்டப்படுவதற்கு முன் கிராணியிடம் போய், வேலை செய்த காலத்தைக் குறித்து ஒரு கடிதம் வாங்கிவிடுங்கள். பூட்டியபின் அந்தப் புத்தகங்கள் எங்கே போயின என்று யாருக்கும் தெரியாது. அசலை எவரிடமும் ஒப்படைக்காதீர்கள், நகலைக் கொடுங்கள். விண்ணப்பம் கொடுத்தால் ரசீதைக் கேட்டு வாங்குங்கள். தரகரிடம் பணம் கட்டாதீர்கள். இலாகாவின் முகப்பிலேயே கேளுங்கள்.

இன்றிரவு சாப்பாடு முடிந்தபின், வீட்டிலுள்ள ஒவ்வொருவரின் பிறப்புப் பத்திரத்தையும் எடுத்து ஒருமுறை படித்துப் பாருங்கள். படிக்கத் தெரிந்த பிள்ளையை உரக்கப் படிக்கச் சொல்லுங்கள். குறை ஏதும் இருந்தால், நாளைக் காலையில் புறப்படுங்கள்.