‘பரிசீலி’ என்றொரு தீர்ப்பு

தி. நகர்க்காரர் ஒருவர் கேஸ் ஏஜென்சிக்கு விண்ணப்பிக்கிறார். தேர்வில் முறைகேடு என்று எண்ணெய்க் கம்பெனிக்கு மனு; பதில் இல்லை. பஸ் பிடித்துப் பாரிமுனை போய், 226ஆவது பிரிவின் கீழ் ரிட் போடுகிறார். ‘மனுவைச் சட்டப்படி பரிசீலித்து இத்தனை வாரத்துக்குள் உத்தரவிடுக’ என்று தீர்ப்பு. முறைகேடு நடந்ததா என்பதற்குள் கோர்ட் போகவேயில்லை. சுத்திச் சுத்தி சுப்பரு கொல்லையிலே!

வக்கீல் ‘ஜெயிச்சாச்சு சார்’ என்கிறார். ஆனால் ‘பரிசீலி’ என்பது ‘கொடு’ என்பதல்ல. அதிகாரம் தன்னைத் தானே விசாரித்துக்கொள்ளும் ஏற்பாடு இது. இருந்தும் வெறும் தட்டிக்கழிப்பு என்று ஒதுக்க முடியவில்லை: மௌனத்தின் நியாயத்தை எந்தக் கோர்ட்டும் அலச முடியாது, காரணம் எழுதிய மறுப்பை அலசலாம். (2008இல், தமிழ்நாட்டிலிருந்து போன சி. ஜேக்கப் வழக்கில், செத்துப்போன கோரிக்கைகளுக்கும் இவ்வகை உத்தரவு உயிர் கொடுத்துவிடுகிறது என்று சுப்ரீம் கோர்ட்டே எச்சரித்தது.)

வேறு வழியே இல்லையா? 2002 ஆகஸ்டில் மத்திய அரசு மூவாயிரத்துக்கு மேற்பட்ட பெட்ரோல் பங்க், கேஸ், மண்ணெண்ணெய் ஒதுக்கீடுகளை ஒட்டுமொத்தமாக ரத்து செய்தது. டிசம்பரில், ஓங்கார் லால் பஜாஜ் வழக்கில், அந்த ரத்தை சுப்ரீம் கோர்ட் அடித்தது. சர்ச்சைக்குரிய 400க்கு மேற்பட்டவற்றை அமைச்சகத்திடம் திருப்பாமல், ஓய்வுபெற்ற நீதிபதிகள் இருவரிடம் ஒப்படைத்தது.

தி. நகர்க்காரருக்கு அப்படிக் குழு கிடையாது. உத்தரவு நகலை அதே ஆபீசில் கொடுத்து முத்திரை வாங்கி வைக்கட்டும். நகல் கிடைத்த நாளிலிருந்துதான் பொதுவாகக் கெடு ஓடும். அதன்பின்னும் அசையவில்லையென்றால் அவமதிப்பு வழக்கு, மறுபடி பாரிமுனை.