பாலு மகேந்திரா பிடித்த வெளிச்சம்: நெகட்டிவ் எங்கே போச்சு?

சிராங்கூன் சாலையில் மாலை 7 மணி வாக்கில் எடுக்கும் படம் மட்டும் ஏன் அவ்வளவு நல்லா வருது? சூரியன் மறைந்திருக்கும், இருட்டு இன்னும் வந்திருக்காது. முகத்தில் கறுப்பு நிழல் விழாது. பூமத்திய ரேகைக்குப் பக்கத்தில் இருக்கும் நமக்கு அந்த வெளிச்சம் சுமார் 20 நிமிடம்தான்.

ஸ்பெயினில் பிறந்த ஒளிப்பதிவாளர் நெஸ்டர் அல்மென்ட்ரோஸ், 'டேஸ் ஆஃப் ஹெவன்' (1978) படத்தின் பல காட்சிகளை அந்த நேரத்துக்காகக் காத்திருந்து எடுத்தார். ஆஸ்கர் கிடைத்தது.

அதே காலத்தில் நம்ம பக்கம் வெளிச்சத்துக்காக மெனக்கெட்டவர் பாலு மகேந்திரா. 1939இல் மட்டக்களப்பில் பிறந்தவர். இலங்கையில் டேவிட் லீன் 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்' எடுத்தபோது, பள்ளிச் சுற்றுலா போன இடத்தில் அந்தப் படப்பிடிப்பைப் பார்த்தார். ஆசை அங்கே பிடித்தது. பிறகு புனே திரைப்படக் கல்லூரி, தங்கப் பதக்கம், மலையாளத்தில் 'நெல்லு' (1974).

அப்படி என்ன புதுசாகச் செய்தார்?

ஸ்டூடியோவில் நாலாபக்கமும் விளக்கு போட்டு முகத்தைப் பளிச்சென்று காட்டுவதுதான் அப்போதைய வழக்கம். பாலு மகேந்திரா முதலில் பார்த்தது ஜன்னல் எந்தப் பக்கம் என்பதை. வெளிச்சம் அங்கிருந்துதான் வரும். மற்ற மூலை இருட்டாக இருந்தால் இருக்கட்டும். அப்போ விளக்கே போடமாட்டாரா? போடுவார், போட்டது தெரியாது. 'முள்ளும் மலரும்' (1978) பாருங்கள், புரியும்.

இப்போது மாதிரி உடனே மானிட்டரில் பார்க்கவும் முடியாது. ஃபிலிம் லேபுக்குப் போய்க் கழுவி வந்த பிறகுதான் எடுத்தது சரியா தப்பா என்று தெரியும். 'கோகிலா' (1977), 'மூன்றாம் பிறை' (1982) இரண்டுக்கும் ஒளிப்பதிவுக்கான தேசிய விருது வாங்கினார்.

கேமராவில் பதிவாகும் மூலச்சுருள்தான் நெகட்டிவ். திரையரங்குக்குப் போவதெல்லாம் அதன் பிரதிகள். சூடும் ஈரப்பதமும் சேர்ந்தால் சுருள் கெட்டு, புளித்த காடி வாசம் அடிக்கும். சென்னை, சிங்கப்பூர் வானிலை அதற்கு எமன். 'வீடு' (1988), 'சந்தியா ராகம்' படங்களின் நெகட்டிவே இப்போது இல்லை என்று கடைசிக் காலத்தில் அவர் வருத்தப்பட்டார். தமிழ்ப் படங்களுக்கு ஓர் ஆவணக் காப்பகம் வேண்டும் என்று கேட்டுக்கொண்டே இருந்தார். 2014 பிப்ரவரியில் காலமானார். நகலிலிருந்து எடுத்த நகலில், அவர் கணக்குப் போட்டு விட்ட மெல்லிய நிழல்தான் முதலில் போகும். வெறும் கறுப்பு மிஞ்சும்.

நம் ஊரிலும் இந்த இழப்பு உண்டு. இந்தியாவிலிருந்து வந்த பி. என். ராவ் இங்கே இயக்கிய 'பொந்தியானாக்' (1957) பேய்ப்படம் அன்று சக்கைப்போடு போட்டது. இன்று ஒரு பிரதிகூட இல்லை. ஆனால் அதைத் தயாரித்த கேத்தே-கெரிஸ் நிறுவனத்தின் 91 மலாய்ப் படங்கள், 2005இல் தொடங்கிய ஆசியத் திரைப்படக் காப்பகத்திடம் பத்திரமாக இருக்கின்றன. அவர்கள் பழைய படங்களைத் திரையிடும் ஓல்டம் அரங்கு, கேனிங் ரைஸில் இருக்கிறது. லிட்டில் இந்தியாவிலிருந்து தோபி காட்டுக்கு ஒரே ஸ்டேஷன், அப்புறம் கொஞ்சம் நடை.