கதை காய்க்கும் முருங்கை

சிகரெட்டை விட்டு நாற்பது நாள் ஆகியிருந்தது. நாற்பத்தோராவது நாள், ஆபீசுக்கு எதிரே இருக்கும் டீக்கடையில் கை தானாக நீண்டுவிட்டது. பக்கத்தில் நின்ற நண்பர் சிரித்துக்கொண்டே, "என்ன, வேதாளம் மறுபடியும் முருங்கை மரம் ஏறிடுச்சா?" என்றார். கோபம் வரவில்லை. ஒரு சந்தேகம்தான் வந்தது. அது ஏன் முருங்கை மரம்?

எங்கள் வீட்டுக் கொல்லையில் ஒரு முருங்கை இருந்தது. அதில் கால் வைத்தாலே பாட்டி கத்துவார். ஆடிக்காற்றுக்கே மளுக்கென்று கிளை முறியும். முருங்கை பருத்தாலும் தூணாகாது என்று பழமொழியே இருக்கிறது. அப்படிப்பட்ட மரத்தில் ஒரு பிணம் தலைகீழாகத் தொங்குமாம். அதை இறக்க ராஜா இடுப்பில் வாளோடு ஏறுவாராம். கிளையோடு சேர்ந்து ராஜாவும் அல்லவா கீழே வந்திருப்பார்?

தேடியதில் கிடைத்தது இது. வேதாளக் கதைகளின் பழைய வடிவங்களில் ஒன்று, 11ஆம் நூற்றாண்டில் காஷ்மீரத்துச் சோமதேவர் சம்ஸ்கிருதத்தில் எழுதிய கதாசரித்சாகரத்தில் இருக்கிறது. ராஜாவின் பெயர் அங்கே திரிவிக்கிரமசேனன். ஊர், கோதாவரிக் கரையில் பிரதிஷ்டானம். மரம் முருங்கை இல்லை, சிம்சுபா. வால்மீகி ராமாயணத்தில் அசோகவனத்துச் சீதை உட்கார்ந்திருந்ததும் சிம்சுபா மரத்தடியில்தான். அதைப் பொதுவாகச் சிசு மரம் என்று அடையாளம் சொல்கிறார்கள். நம் ஈட்டி மரத்துக்குச் சொந்தம், நல்ல உறுதியான மரம். பிணமும் தொங்கலாம், ராஜாவும் ஏறலாம்.

அந்த மரம் தமிழில் முருங்கையானதற்கு எனக்குத் தோன்றுவது இரண்டு காரணங்கள். ஒன்று, பயம். வாசலில் முருங்கை வைக்காதே என்பார்கள். மழைக்காலத்தில் கம்பளிப்பூச்சி மரம் முழுக்க அடை அடையாய் அப்பியிருக்கும், கிளையோ நம்பி ஏறிய பிள்ளையைக் கீழே தள்ளும். பிள்ளைகளை மரத்தை விட்டுத் தள்ளி வைக்கப் பேயைவிட நல்ல காவல் ஏது?

இரண்டாவது காரணம்தான் எனக்குப் பிடித்தது. முருங்கை ஒடிந்தால் சாகாது. ஒடித்த கிளையை மண்ணில் ஊன்றினால் அதுவே இன்னொரு மரம். மொட்டையாக வெட்டிவிட்டாலும் அடுத்த பருவத்துக்குள் துளிர்த்துவிடும். வேதாளத்தின் கதையும் அப்படித்தான் வளர்கிறது.

எப்படி என்று பார்ப்போம். பிணத்தைத் தோளில் போட்டுக்கொண்டு ராஜா பேசாமல் நடக்க வேண்டும். வழியில் வேதாளம் ஒரு கதை சொல்லி, கடைசியில் ஒரு கேள்வி கேட்கிறது. பதில் தெரிந்தும் சொல்லாவிட்டால் தலை வெடித்துவிடும். சொன்னால் மௌனம் கலையும், வேதாளம் மரத்துக்குத் திரும்பிவிடும். ஒவ்வொரு முறிவிலும் அடுத்த கதை துளிர்க்கிறது. இருபத்து நான்காவது கதையில் ஒரு தகப்பன் மகளைக் கட்டிக்கொள்கிறான், அவனுடைய மகன் அவளுடைய தாயைக் கட்டிக்கொள்கிறான். இரண்டு ஜோடிக்கும் பிறக்கும் பிள்ளைகள் ஒருவருக்கொருவர் என்ன முறை? ராஜாவுக்குப் பதில் தெரியவில்லை. அப்போதுதான் உண்மையான மௌனம் வாய்க்கிறது.

பழமொழி விட்டுவிட்ட இடம் இனிமேல்தான் வருகிறது. ராஜாவை அனுப்பிய சந்நியாசி அவரையே பலி கொடுக்கத் திட்டம் போட்டிருக்கிறான். அதை ராஜாவிடம் சொல்வது வேதாளம். "விழுந்து கும்பிடு என்பான், எப்படி என்று செய்து காட்டச் சொல், குனிந்ததும் வெட்டிவிடு" என்று வழியும் சொல்லிக் கொடுக்கிறது. ராஜா பிழைத்துவிடுகிறார்.

யோசித்துப் பாருங்கள். முதல் நடையிலேயே ராஜா வாயை மூடிக்கொண்டு போய்ச் சேர்ந்திருந்தால் அன்றைக்கே பலி. அவரைக் காப்பாற்றியது வேதாளம் திரும்பத் திரும்ப மரம் ஏறியதுதான். நடந்த நடையும் கேட்ட கதைகளும் வீணாகவில்லை. கடைசியில் வரம் கேட்கச் சொன்னபோதும், இந்தக் கதைகள் உலகத்தில் புகழோடு நிற்க வேண்டும் என்றுதான் ராஜா கேட்கிறார்.

வரம் பலித்ததற்கு நம்மிடமே சாட்சி இருக்கிறது. 1831இல் பாபிங்டன் தமிழ் 'வேதாளக் கதை'யை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து லண்டனில் அச்சிட்டார். 1947இல் தொடங்கிய அம்புலிமாமாவில் ஓவியர் சங்கர் வரைந்த விக்கிரமாதித்தனும் அவர் தோளில் தொங்கும் பிணமும் எத்தனையோ பேருக்கு இன்னும் கண்ணில் நிற்கும். அங்கே இருபத்தைந்து கதையோடு முடியவில்லை. புதுப்புதுக் கதைகளாகப் பல வருஷம் ஓடியது. ராஜா பதில் சொல்லிக்கொண்டே இருந்தார், மரமும் காய்த்துக்கொண்டே இருந்தது.

பழமொழியை நாம் தோற்றவனைக் கிண்டல் செய்யத்தான் பயன்படுத்துகிறோம். ஆனால் அதில் இன்னொரு ஆள் இருக்கிறார். வேதாளம் ஏறும் ஒவ்வொரு தடவையும், சலித்துக்கொள்ளாமல் மரத்தடிக்குத் திரும்பிப் போகிறவர். அவரை நாம் பழமொழியில் சேர்க்கவே இல்லை.

நண்பரிடம் இதையெல்லாம் சொன்னேன். "அதெல்லாம் சரி, சிகரெட்?" என்றார். இன்றைக்கு மூன்றாவது நாள்.