எல்லாமே சாரட்டு இல்லீங்க! குதிரை வண்டியை அடையாளம் காண்பது எப்படி?

கல்யாண ஊர்வலத்தில் வருவதும் சாரட்டு, லண்டன் அரண்மனையிலிருந்து புறப்படுவதும் சாரட்டு என்பதுதான் நம்மூர் வழக்கம். உண்மையில் ஒவ்வொன்றுக்கும் தனிப்பெயர் உண்டு. சக்கரம், கூரை, வண்டிக்காரர் உட்காரும் இடம் மூன்றையும் பார்த்தால் போதும்.

இரண்டே சக்கரம், வண்டிக்காரர் பின்னால் உயரத்தில் இருக்கிறார் என்றால் அது ஹான்சம். 1834-ல் இதற்குக் காப்புரிமை வாங்கிய ஜோசப் ஹான்சம் ஒரு கட்டடக் கலைஞர். கூரையில் உள்ள சின்னக் கதவு வழியாகத்தான் பயணி வண்டிக்காரரிடம் பேச முடியும்! ஷெர்லாக் ஹோம்ஸ் கதைகளில் அடிக்கடி வருவது இந்த வண்டிதான்.

நான்கு சக்கரம், எதிரெதிர் இருக்கை, முன்னும் பின்னும் மடங்கும் இரண்டு கூரை இருந்தால் லாண்டோ. ஜெர்மனியின் லாண்டாவ் நகரம் தந்த பெயர். 2011-ல் வில்லியம் - கேத் திருமண ஊர்வலம் வந்தது இதில்தான். 1902-ல் செய்த வண்டி!

பின்பக்கம் ஒற்றைக் கூரை மட்டும் மடங்கினால் விக்டோரியா. ராணியின் பெயரேதான். மும்பை மெரைன் டிரைவில் சுற்றுலாப் பயணிகளை ஏற்றிய வண்டிகளுக்கும் இதே பெயர். குதிரைகள் படும் பாட்டைச் சொல்லி விலங்குநல ஆர்வலர்கள் வழக்குப் போட, உல்லாசச் சவாரி சட்டவிரோதம் என்று 2015-ல் பம்பாய் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. குதிரைகளுக்கு நிம்மதி. அதை நம்பியிருந்த குடும்பங்கள்தான் வேறு பிழைப்பு தேட வேண்டியதாயிற்று.