வெயில் தீவில் ஒரு பனிக்கடி

போர்ட் பிளேயரில் மார்கழி இரவிலும் மின்விசிறியை நிறுத்த முடியாது. (2024-இல் ஸ்ரீ விஜயபுரம் என்று பெயரை மாற்றினார்கள், பேச்சில் இன்னும் போர்ட் பிளேயர்தான்.) இந்த ஊர் மருத்துவமனை ஒன்றின் பதிவேட்டுப் பிரிவில் வேலை பார்க்கிறேன். நோயாளி வீட்டுக்குப் போனதும் அவருடைய கேஸ் ஷீட் என் மேசைக்கு வரும். டாக்டர் எழுதியிருக்கும் நோய்க்கு உலக சுகாதார நிறுவனத்தின் வகைப்பாட்டுப் புத்தகத்தில் என்ன எண் என்று பார்த்து எழுத வேண்டும். ஐ.சி.டி. என்பார்கள். அதன் பத்தாம் பதிப்பு 1990-இல் ஏற்கப்பட்டது. இந்தியாவில் 2000-இலிருந்து நடைமுறையில் இருக்கிறது. புதுச்சேரி ஜிப்மரில் இந்த வேலைக்கென்றே பயிற்சி நடக்கிறது.

டெங்கு, காய்ச்சல், எலும்பு முறிவு எல்லாம் தினப்படி வருபவை. எப்போதாவது ஒரு ஷீட்டில் 'பனிக்கடி, வலது கை' என்று இருக்கும். "லடாக் போய்ட்டு வந்த டூரிஸ்ட்டா அக்கா?" என்று புதிதாகச் சேர்ந்தவர்கள் கேட்பார்கள். ஷீட்டைத் திருப்பிப் பார்த்தால் தொழில் என்ற இடத்தில் 'ஐஸ் பிளாண்ட்' என்றிருக்கும்.

மீன்பிடிப் படகு ஐஸ் இல்லாமல் கடலுக்குப் போகாது. அந்த ஐஸைச் செய்யும் இடத்தில் பெரிய தொட்டி நிறைய உப்புத் தண்ணீர். அமோனியா ஓடும் குழாய்கள் அதைப் பூஜ்யத்துக்குக் கீழே பத்து டிகிரி வரை குளிர வைக்கும். உப்பு இருப்பதால் அது உறையாது. நல்ல தண்ணீர் நிரப்பிய இரும்பு கேன்களை அதற்குள் இறக்கினால், உள்ளே இருப்பது பாளம் பாளமாக உறையும். படகில் மீனுக்குப் போடும் சாதாரண ஐஸ் உருகும்போது பூஜ்யம் டிகிரி. நம் சதை அதற்குச் சற்றுக் கீழேதான் உறையும். அதனால் உருகும் ஐஸில் கை வைத்தவருக்குப் பெரும்பாலும் மரத்துப்போவதோடு சரி. அதே கை கிழிந்த கையுறையோடு உப்புத் தொட்டிக்குள் போனாலோ, மீன் கம்பெனியின் உறைபெட்டித் தகட்டில் ஈரத்தோடு ஒட்டிக்கொண்டாலோ கதை வேறு. தோலுக்குள் இருக்கும் நீரே பனிப்படிகமாகும். ரத்த ஓட்டம் நிற்கும். அதுதான் பனிக்கடி.

இப்போது எண்ணுக்கு வருகிறேன். மேலோட்டமான பனிக்கடி என்றால் டி33 (T33). திசு செத்துப்போயிருந்தால் டி34. புள்ளிக்குப் பின்னால் வரும் 5 மணிக்கட்டையும் கையையும் குறிக்கும். விரல்களும் அதில் அடக்கம். ஆக டி33.5 அல்லது டி34.5. பார்க்க ஓர் எண் வித்தியாசம். நோயாளிக்கு அது விரல் தங்குமா போகுமா என்ற வித்தியாசம். முதல் நாளில் அதை யாராலும் உறுதியாகச் சொல்ல முடியாது. விரல் வெளுத்து, மெழுகு மாதிரி விறைத்து, உணர்ச்சியில்லாமல் இருக்கும். 37 முதல் 39 டிகிரி வெதுவெதுப்பான நீரில் வைத்ததும் சிவந்து, உயிர் போகிற வலி எடுக்கும். பிறகு கொப்புளம். தெளிந்த நீர் கட்டிய கொப்புளம் நல்ல அறிகுறி. ரத்தம் கட்டியது ஆழமான காயத்தைக் காட்டும். எது பிழைத்தது, எது கருகியது என்று கோடு பிரிய வாரக்கணக்கில் ஆகும். அதனால்தான் அறுவை மருத்துவர்கள் விரலை வெட்ட அவசரப்படுவதில்லை. நானும் அட்மிஷன் சீட்டைப் பார்த்து எண் போடுவதில்லை. டிஸ்சார்ஜ் சுருக்கம் என்ன சொல்கிறதோ அதற்குத்தான் எண்.

இந்த எண்ணோடு நின்றால் பாதி வேலைதான் முடிந்திருக்கும். காயம் எப்படி வந்தது என்பதற்கும் தனி எண் உண்டு. இயற்கைக் குளிர் என்றால் எக்ஸ்31. மனிதர் உண்டாக்கிய குளிர் என்றால் டபிள்யூ93. நடந்தது தொழிற்கூடத்தில் என்றால் டபிள்யூ93.6. பலரும் இதை விட்டுவிடுகிறார்கள். அல்லது பனிக்கடிதானே என்று எக்ஸ்31 போட்டுவிடுகிறார்கள். இந்தத் தீவில் எக்ஸ்31 என்று எழுதுவது ஒரு தொழிலாளியின் கைக்கு நேர்ந்ததை வானிலையின் தலையில் கட்டுவது. கையுறை கொடுத்தார்களா, தொட்டிக்கு மேலே கேன் தூக்கும் கொக்கி இருந்ததா என்று யாரும் கேட்கவே மாட்டார்கள். பின்னாளில் அவர் இழப்பீடு கேட்டுப் போனால், விபத்து வேலையிடத்தில் நடந்தது என்பதற்கு மருத்துவமனைக் காகிதத்தில் ஒரு வரிகூட இருக்காது. இதை நினைத்தால் எனக்கு மனசு ஆறாது.

ராமநாதபுரம் பக்கத்துப் பையன் ஒருவன் வந்திருந்தான். ஷீட்டில் 'பனிக்கடி' என்ற ஒற்றைச் சொல். காரணம் எழுதவில்லை. வார்டுக்குப் போய் கேட்டேன். "ஐஸ் இல்லக்கா, வால்வுல கேஸ் பீச்சிருச்சு" என்றான். கண் எரிந்ததா என்றேன். "ஆமாக்கா, மூச்சே விட முடியல." அமோனியா. திரவமாகப் பீறிடும்போது மைனஸ் 33 டிகிரி. சதையை உறைய வைக்கும். தோலின் ஈரத்தோடு சேர்ந்து காரமாகி அரிக்கவும் செய்யும். அப்படியானால் ரசாயன அரிப்புக் காயத்துக்கான டி23 வரிசையிலிருந்தும் ஓர் எண் சேர வேண்டும். டாக்டரிடம் சொன்னேன், அவர் பையனிடம் மறுபடி விசாரித்து, தன் கையெழுத்திலேயே குறிப்பைத் திருத்திக் கொடுத்தார். நானாக எதையும் சேர்க்கக் கூடாது, அது விதி.

படகுக்காரர்களின் கை இன்னொரு தினுசு. நாள் முழுக்க ஐஸ் தண்ணீரில் மீன் தரம் பிரித்து, கை ஊதி வெளிறி மரத்திருக்கும். உறைந்திருக்காது. அதற்கு டி69.0.

கிரேட் நிகோபாரிலிருந்து கப்பலேறி வந்த பெரியவர் ஒருவரையும் சொல்ல வேண்டும். 1969 முதல் அரசு அங்கே குடியேற்றிய முன்னாள் படைவீரர்களில் ஒருவர். 1962 சீனப் போரின்போது மலையில் இருந்தவர். அப்போது நம் வீரர்கள் பலருக்குக் குளிருக்கு ஏற்ற உடுப்போ பூட்ஸோ கிடையாது. இடது கையில் இரண்டு விரல் நுனிகள் இல்லை. வந்தது சர்க்கரை நோய்க்கு. சர்க்கரைக்கான எண்ணுக்குக் கீழே, பனிக்கடியின் பின்விளைவுக்கு டி95.2, விரல் இழப்புக்கு இசட்89.0 என்று எழுதினேன். அறுபது ஆண்டு கழித்தும் ஒரு காயத்தைக் காகிதத்தில் பதிந்து வைக்க இந்தப் புத்தகத்தில் இடம் இருக்கிறது.

ஒரு குறை: நாங்கள் பயன்படுத்தும் பதிப்பில் வலது இடது கிடையாது. அமெரிக்கப் பதிப்பில் வலது கைக்குத் தனி எண், இடது கைக்குத் தனி எண். 2022-இல் நடைமுறைக்கு வந்த ஐ.சி.டி. பதினோராம் பதிப்பிலும் பக்கத்தைத் தனிக் குறியீடாகச் சேர்க்கலாம். அது எங்கள் மேசைக்கு வரும்வரை எந்தக் கை என்பது டாக்டரின் எழுத்தில் மட்டும்தான் இருக்கும்.

அதனால் ஐஸ் பிளாண்டிலோ மீன் கம்பெனியிலோ கை உறைந்து மரத்துப்போனால், கையைத் தேய்க்காதீர்கள், நெருப்பில் காட்டாதீர்கள். கேஸ் பட்டிருந்தால் உடனே நிறையத் தண்ணீர் விட்டுக் கழுவுங்கள். கேஷுவால்டியில் எது பட்டது, எங்கே வேலை பார்த்தபோது, எந்தக் கை, எவ்வளவு நேரம் என்று டாக்டரிடம் வாய்விட்டுச் சொல்லுங்கள். டிஸ்சார்ஜ் ஆகும்போது அதெல்லாம் காகிதத்தில் ஏறியிருக்கிறதா என்று படித்துப் பாருங்கள். படிக்கத் தெரியாவிட்டால் பக்கத்தில் இருக்கும் சிஸ்டரைப் படிக்கச் சொல்லுங்கள். விட்டுப்போயிருந்தால் வார்டை விட்டுக் கிளம்புவதற்கு முன்பே எழுதச் சொல்லிக் கேளுங்கள்.