பென் டிரைவைச் செருகினதும் எழுந்து வரும் அந்தப் பெட்டி

2009 மே. கொடைக்கானலில் சீசன் உச்சத்தில் இருந்த நேரம். ஏரிக்குப் பக்கத்தில் ஸ்டுடியோ வைத்திருந்த சொந்தக்காரர் ஒருவர், எனக்கு மாமா முறை, போன் பண்ணினார். "மாப்ள, பென் டிரைவுல இருந்த படமெல்லாம் போச்சு. பார்ட்டி கடையிலேயே உட்கார்ந்திருக்காங்க."

ஒட்டன்சத்திரம் பக்கமிருந்து வந்த குடும்பம். நடக்க முடியாத பெரியவரைக் கஷ்டப்பட்டு மலைக்குக் கூட்டிவந்து எடுத்த படங்கள். கேமரா கார்டை முதல் நாளே காலி செய்துவிட்டார்கள், இருந்த ஒரே பிரதி அந்தப் பென் டிரைவில்தான். டிரைவில் ஃபோல்டர் தெரிகிறது, கிளிக் செய்தால் ஒன்றும் வரவில்லை. வைரஸ் என்று பயந்து மாமா அதை ஃபார்மட் செய்துவிட்டார்.

இதில் வயிற்றெரிச்சல் என்னவென்றால், ஃபார்மட் செய்யும்வரை படங்கள் அப்படியே உள்ளேதான் இருந்தன. அது எப்படின்னு புரிய, டிஎல்எல் கோப்பு என்றால் என்ன என்பதிலிருந்து தொடங்கணும்.

கல்யாணத்துக்கு ஊர்ப் பொது அண்டாவை எடுத்து வருகிற மாதிரிதான் டிஎல்எல். வீட்டுக்கு வீடு அண்டா வாங்கி வைப்பதில்லை, வேண்டும்போது எடுத்துப் புழங்குகிறோம். ஒரு சாளரத்தை வரைவது, ஐகானைக் காட்டுவது போன்ற வேலைகளை ஒவ்வொரு மென்பொருளும் தனித்தனியாக எழுதாமல், பொதுவான ஒரு கோப்பிலிருந்து எடுத்துக்கொள்கிறது. டிஎல்எல் தானாக ஓடாது, வேறொரு நிரல் அதை ஏற்றி, உள்ளே இருக்கிற வேலையைப் பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டும். அப்படிக் கூப்பிட்டுக் கொடுப்பதற்கென்றே விண்டோஸில் ரன்டிஎல்எல்32 என்று ஒரு சின்ன நிரல் உண்டு.

பென் டிரைவைச் செருகினால் எக்ஸ்பியில் என்ன நடக்கும்? புது டிரைவ் வந்திருப்பதைக் கவனிக்கும் சேவை இருப்பது எஸ்ஹெச்எஸ்விசிஎஸ்.டிஎல்எல் கோப்பில். டெஸ்க்டாப், ஃபோல்டர், ஐகான் சமாச்சாரங்களில் பெரும்பகுதி ஷெல்32.டிஎல்எல் கோப்பில். "படம் பார்க்கவா, பாட்டு போடவா" என்று கேட்கும் பெட்டிக்குப் பெயர் ஆட்டோபிளே. இதற்கு மூத்தது 1995-இல் விண்டோஸ் 95 உடன் வந்த ஆட்டோரன். சிடியின் வெளி அடுக்கில் ஆட்டோரன்.ஐஎன்எஃப் என்று ஒரு சாதாரண உரைக் கோப்பு இருக்கும். எந்த நிரலை ஓட்டணும், எந்த ஐகானைக் காட்டணும் என்று இரண்டு மூன்று வரி. சிடியைப் போட்டதும் விண்டோஸ் அதைப் படித்துச் சொன்னபடி செய்யும்.

1995-இல் இது நியாயமான ஏற்பாடுதான். சிடி கம்பெனியில் அச்சாகி வந்தது, வாங்கினவர் அதில் எழுத முடியாது. அந்த நம்பிக்கையை அப்படியே பென் டிரைவுக்கும் நீட்டினதுதான் வினை. கம்பெனி சிடியும் யோக்கியம் என்று சொல்லிவிட முடியாது: சோனி பிஎம்ஜி இசைத் தட்டுகள் ஆட்டோரன் வழியாகவே, நகலெடுப்பைத் தடுக்கும் ஒரு மறைவு மென்பொருளை நிறுவின. 2005 அக்டோபர் கடைசியில் மார்க் ருசினோவிச் அதை அம்பலப்படுத்தினார்.

எக்ஸ்பியில் பென் டிரைவுக்கு ஆட்டோரன் தானாக ஓடாது. ஆனால் மை கம்ப்யூட்டரில் டிரைவை இரட்டைக் கிளிக் செய்தால், ஐஎன்எஃப் கோப்பில் எழுதியிருப்பது ஓடிவிடும். நாம் எல்லோரும் டிரைவை அப்படித்தானே திறந்தோம்!

மாமா கடையில் ஒரே கம்ப்யூட்டர். மதுரை, கேரளா, பெங்களூரு என்று எங்கெங்கிருந்தோ வந்தவர்களின் கார்டும் பென் டிரைவும் காலையிலிருந்து அதில்தான் ஏறி இறங்கும். சாயங்காலம் எல்லாம் வத்தலக்குண்டு ரோட்டில் கீழே இறங்கி அவரவர் ஊருக்குப் போய்விடும். ஒரே கிணற்றில் ஊர் முழுக்க வாளி விட்ட கதை. அன்று வந்த வைரஸ் படங்கள் இருந்த ஃபோல்டருக்கு ஹிடன், சிஸ்டம் என்ற இரண்டு குறிகளைப் போட்டு மறைத்துவிட்டு, அதே பெயரில் ஃபோல்டர் ஐகான் மாட்டிய ஒரு நிரலை வெளியே வைத்திருந்தது. அட்ரிப் என்ற கட்டளையால் அந்தக் குறிகளை எடுத்திருந்தால் ஒரு நிமிஷ வேலை.

இந்த வேஷத்தை உலக அளவில் போட்டது கான்ஃபிக்கர். 2008 டிசம்பர் கடைசியில் வந்த அதன் இரண்டாம் வடிவம் பென் டிரைவில் ஏறிப் பரவியது. புழுவே ஒரு டிஎல்எல், பெயரை மட்டும் மாற்றி ரீசைக்ளர் ஃபோல்டருக்குள் ஒளிந்திருந்தது. ஐஎன்எஃப் கோப்பு முழுக்கக் குப்பை எழுத்துகள், நடுவில் நாலைந்து உண்மையான வரிகள். ஒன்று, ரன்டிஎல்எல்32-ஐக் கூப்பிட்டுப் புழுவை ஏற்றச் சொன்னது. இன்னொன்று, ஆட்டோபிளே பெட்டியில் 'ஃபோல்டரைத் திறந்து கோப்புகளைப் பார்' என்று காட்டச் சொன்னது. அதற்கு ஐகான்? விண்டோஸின் ஷெல்32.டிஎல்எல் கோப்பிலிருந்தே எடுத்த ஃபோல்டர் படம். வீட்டுக்காரன் சட்டையைப் போட்டுக்கொண்டு திருடன் வாசலில் நின்றான். கீழேயே அசல் வரியும் இருந்தது, ஆனால் மேலே இருப்பதைத்தானே கை அமுக்கும்.

இதை அணைக்க ரெஜிஸ்ட்ரியில் ஒரு எண் உண்டு. ஒவ்வொரு வகை டிரைவுக்கும் ஒரு பிட். கழற்றி மாட்டும் டிரைவுக்கு 4, சிடிக்கு 32, எல்லாவற்றையும் அணைக்க 255. ஆனால் 255 போட்டாலும் முழுசாக அடங்கவில்லை என்று அமெரிக்காவின் யூஎஸ்-செர்ட் 2009 ஜனவரியில் எச்சரித்தது. பிப்ரவரியில் மைக்ரோசாஃப்ட் அதைத் திருத்தியது. அதே ஆண்டு வந்த விண்டோஸ் 7, பென் டிரைவில் ஆட்டோரனை விட்டே விட்டது. பழைய விண்டோஸ்களுக்கு அந்த மாற்றம் அப்டேட்டில் பரவலாகப் போனது 2011 பிப்ரவரியில். கான்ஃபிக்கர் வந்து இரண்டு வருஷத்துக்கு அப்புறம்!

இடையில் 2010-இல் ஸ்டக்ஸ்நெட். அதற்கு இரட்டைக் கிளிக்கும் வேண்டாம். டிரைவில் இருந்த ஷார்ட்கட்டின் ஐகானை வரைவதற்காக விண்டோஸ் ஒரு டிஎல்எல் கோப்பைத் தானே ஏற்றியது, ஏற்றின கணமே அது ஓடியது. ஃபோல்டரைத் திறந்து பார்த்தாலே போதும். ஈரான், இந்தோனேசியாவுக்கு அடுத்து இந்தியாவில்தான் அதிகக் கணினிகளில் அது இருந்ததாக சைமன்டெக் கணக்கு. 2010 ஆகஸ்டில் ஒட்டுப் போட்டார்கள். அது முழுசாக அடைக்கவில்லை என்று தெரிந்து 2015 மார்ச்சில் மறுபடியும் போட்டார்கள்.

ஒரு விஷயம் சொல்லிவிடுகிறேன். வைரஸை நீக்கின பிறகு ரன்டிஎல்எல் பெயரில் "மாட்யூலைக் காணோம்" என்று செய்தி வரும். பல நேரம் அது நல்ல சேதிதான்: புழு போய்விட்டது, அதைக் கூப்பிடும் வரி மட்டும் ஸ்டார்ட்அப்பில் மிச்சம். அந்த வரியை எடுத்தால் போதும். காணாமல்போன பெயரை நெட்டில் தேடி, யாரோ கொடுக்கிற டிஎல்எல் கோப்பை இறக்கிப் போடாதீங்க. விண்டோஸின் சொந்தக் கோப்பு கெட்டிருந்தால், சிஸ்டம் ஃபைல் செக்கரை ஓட்டினால் அதுவே சரிபார்த்து மாற்றிவிடும்.

ஒட்டன்சத்திரம் குடும்பத்தின் டிரைவில் ஃபோட்டோரெக் ஓட்டினேன். ஃபார்மட் செய்த பிறகு அதில் வேறு எதையும் எழுதாமல் விட்டிருந்தது அதிர்ஷ்டம். பாதிக்கு மேல் திரும்பி வந்தது. பெரியவர் ஏரிக்கரை பெஞ்சில் உட்கார்ந்திருந்த படம் வந்தது. தூண் பாறையில் எல்லோரும் சேர்ந்து நின்றது வரவில்லை. மாமா பணம் வாங்கவில்லை. அடுத்த வாரம் ஒரு பழைய பெட்டியில் லினக்ஸ் போட்டுக் கொடுத்தேன். கார்டோ டிரைவோ எது வந்தாலும் முதலில் அதில்தான் ஏறும். அங்கே ஆட்டோரன்.ஐஎன்எஃப் வெறும் உரைக் கோப்பு. வைரஸ் ஒளித்த ஃபோல்டரும் அதில் பளிச்சென்று தெரியும்.